பாறசாலை: கடைசி நிலையமா, இடை நிலையமா?

கேரளத்தின் ரயில் வரைபடத்தில் தெற்கே கடைசியாக நிற்கும் பெயர் பாறசாலை. திருவனந்தபுரம் சென்ட்ரலிலிருந்து ஏறக்குறைய முப்பது கிலோமீட்டர். அதைத் தாண்டினால் தமிழ்நாட்டின் குழித்துறை. திருவனந்தபுரம்–நாகர்கோவில்–கன்னியாகுமரி அகலப்பாதை 1979 ஏப்ரல் 16-ல் திறக்கப்பட்டபோது இந்த ஊருக்கு ரயில் வந்தது. அசாமின் திப்ரூகரில் புறப்பட்டு நான்காயிரம் கிலோமீட்டருக்கு மேல் ஓடும் விவேக் எக்ஸ்பிரஸ், கன்னியாகுமரியைத் தொடுமுன் இந்த ஊர் வழியாகத்தான் போகிறது. காஷ்மீர்ப் பக்கம் போகும் ஹிம்சாகருக்கும் இதே தண்டவாளம்தான். ஆனால் காலையில் தலைநகரத்துக் கடையில் வேலைக்கு நிற்க வேண்டியவருக்கும், மருத்துவக் கல்லூரியில் சீட்டு வாங்க வரிசையில் நிற்க வேண்டிய முதியவருக்கும் இந்தப் பாதை தரும் வண்டிகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஊர் சிறியது, வருமானம் சிறியது, ஆகவே சேவையும் சிறியது என்று இதற்கு வழக்கமாக ஒரு காரணம் சொல்லப்படும். எனக்கு அது முழு உண்மையாகத் தெரியவில்லை. இந்த வழியில் எப்போதும் போக்குவரத்து இருந்திருக்கிறது. திருவனந்தபுரத்துக்குத் தெற்கே உள்ள நிலத்தை ரயில்வே திட்டமிட்டவர்கள் ஒருபோதும் ஒரு வழியாகப் பார்க்கவில்லை, ஒரு முனையாகவே பார்த்தார்கள். பாறசாலையின் இன்றைய குறை அந்தப் பார்வையிலிருந்து வந்தது என்பதே இந்தக் கட்டுரையின் வாதம்.

முதலில் அந்த வழியின் பழமையைப் பார்க்கலாம். 1795-ல் தலைநகரம் பத்மநாபபுரத்திலிருந்து திருவனந்தபுரத்துக்கு மாறியபோது திருவிதாங்கூர் அரசு தன் பழைய வீட்டைத் தெற்கே விட்டுவிட்டு வந்தது. அந்த உறவு அறுந்துவிடவில்லை. இன்றும் ஆண்டுதோறும் நவராத்திரிக்குப் பத்மநாபபுரத்துச் சரஸ்வதியும், வேளிமலைக் குமாரசுவாமியும், சுசீந்திரம் முன்னுதித்த நங்கையும் ஊர்வலமாகப் புறப்பட்டுக் குழித்துறை, களியக்காவிளை, பாறசாலை, நெய்யாற்றின்கரை வழியே தலைநகருக்கு வருகிறார்கள். 1956-க்குப் பிறகு இந்த ஊர்வலம் ஒரு மாநில எல்லையைக் கடக்கிறது. அதனால் வழி மாறவில்லை. திருவிதாங்கூரின் நெற்களஞ்சியமான நாஞ்சில் நாடு இந்தச் சாலையின் தென் முனையில் இருந்தது. இதே சாலையிலுள்ள பாலராமபுரத்தின் கைத்தறிக்குப் பின்னால் தெற்கிலிருந்து அழைத்து வரப்பட்ட சாலியர் குடும்பங்கள் இருந்தன. ஆக, நெல்லும் நெசவும் வழிபாடும் அரசு அலுவலும் ஒரே வழியில் போய் வந்துகொண்டிருந்தன. தேவை என்ற ஒன்று மட்டுமே ரயிலைக் கொண்டுவருமானால், இங்கே அது மிக முன்னதாகவே வந்திருக்க வேண்டும்.

வரவில்லை. ரயிலுக்கு முன்னே, நீர்வழியிலேயே இந்தப் போக்குத் தெரிந்துவிட்டது. தலைநகரத்துக்கு வடக்கே, வர்க்கலைக் குன்றுகளைக் குடைந்து இரண்டு சுரங்கங்கள் வெட்டி, 1880 வாக்கில் கொல்லம் வரை படகு போகும்படி செய்துவிட்டார்கள். தெற்கே கன்னியாகுமரியை நோக்கி 1860-ல் தொடங்கிய அனந்த விக்டோரியா மார்த்தாண்டன் கால்வாய் பாதியில் நின்றது. வடக்கே பாறையைக் குடைய முடிந்த அரசுக்குத் தெற்கே மணலில் வாய்க்கால் வெட்டி முடிக்க முடியவில்லை. ரயிலிலும் இதே கதைதான், இன்னும் கூர்மையாக. திருநெல்வேலியிலிருந்து திருவிதாங்கூருக்குள் வர இரண்டு கணவாய்கள் உண்டு. ஒன்று தாழ்வான, அகலமான ஆரல்வாய்மொழி. மற்றது செங்கோட்டைக்கு மேற்கே செங்குத்தாக ஏறும் ஆரியங்காவு. 1904-ல் திறந்த கொல்லம்–செங்கோட்டை மீட்டர்கேஜ் பாதை கடினமான ஆரியங்காவைத் தேர்ந்தெடுத்தது. மலையைக் குடைந்தது, பள்ளத்தாக்குகளில் வளைவுப் பாலங்கள் கட்டியது. எளிதான ஆரல்வாய்மொழி வழியே நாகர்கோவில்–திருநெல்வேலிப் பாதை திறந்தது 1981 ஏப்ரல் 8-ல்தான். இடையில் எழுபத்தேழு ஆண்டுகள். பாதையை நில அமைப்பு தீர்மானித்திருந்தால் இந்த வரிசை தலைகீழாக இருந்திருக்கும். கொல்லம் துறைமுகமும் அதன் வணிகமும் மலைத்தோட்டங்களின் சரக்கும் தீர்மானித்ததால் இப்படி ஆயிற்று. இதில் தவறு ஒன்றும் இல்லை. அந்தக் காலத்து ரயில்வே சரக்கைப் பின்பற்றியது. ஆனால் முதல் பாதை எங்கே போனதோ அங்கேதான் அடுத்த பாதையும் ஒட்டிக்கொண்டு வளரும். ஆகவே 1904-ன் முடிவு வெறும் ஒரு பாதையைப் பற்றியதாக நின்றுவிடவில்லை.

1918 ஜனவரி 1-ல் கொல்லத்திலிருந்து ரயில் திருவனந்தபுரம் வந்தது. வந்தது என்று சொல்வதற்கும் கொஞ்சம் தயங்க வேண்டும்; அது நகரின் விளிம்பில் சாக்கையில் நின்றது. அங்கிருந்து நகரின் நடுவிலுள்ள தம்பானூர் வரையுள்ள சில கிலோமீட்டரைக் கடக்க இன்னும் பதின்மூன்று ஆண்டுகள் ஆயின. 1931 நவம்பர் 4-ல் தம்பானூரின் கருங்கல் நிலையம் திறந்தபோது அது பாதையின் முற்றுப்புள்ளியாகவே கட்டப்பட்டது. வடக்கிலிருந்து வரும் வண்டி அங்கே வந்து முடியும். அந்த முற்றுப்புள்ளி நாற்பத்தெட்டு ஆண்டுகள் அப்படியே இருந்தது. சுதந்திரம் வந்தது, மாநிலங்கள் பிரிந்தன, 1976-ல் கொல்லம்–திருவனந்தபுரம் மீட்டர்கேஜ் அகலப்பாதையாக மாறியது. இத்தனைக்கும் பிறகே, தலைநகரத்தை ஒட்டியிருக்கும் நெய்யாற்றின்கரைத் தாலுகாவுக்கு முதல் தண்டவாளம் கிடைத்தது. 1918-லிருந்து எண்ணினால் அறுபத்தோரு ஆண்டுகள்.

இந்த இடைவெளியை நிரப்பியது பேருந்து. 1938 பிப்ரவரியில் திருவிதாங்கூர் அரசு தன் போக்குவரத்துத் துறையைத் தொடங்கியபோது, அரசு முதலில் கையில் எடுத்த வழித்தடங்களில் திருவனந்தபுரம்–நாகர்கோவிலும் ஒன்று. இந்தத் தகவலுக்கு ரயில் வரலாற்றில் நாம் கொடுப்பதைவிட அதிக எடை உண்டு. அரசு பேருந்து தொடங்கும்போது முதலில் தேர்ந்தெடுக்கும் வழி, ஆள் நடமாட்டம் நிச்சயமாக உள்ள வழியாகத்தான் இருக்கும். ரயில்வே கண்ணுக்குத் தெரியாத தேவை போக்குவரத்துத் துறையின் கண்ணுக்குத் தெரிந்தது. அதன் விளைவும் நின்றுவிட்டது: நெய்யாற்றின்கரையும் பாறசாலையும் களியக்காவிளையும் பேருந்து நிறுத்தத்தைச் சுற்றி வளர்ந்த ஊர்கள். சந்தை, பள்ளி, நீதிமன்றம், திரையரங்கு எல்லாம் சாலையைப் பார்த்து உட்கார்ந்துவிட்ட பிறகு, நாற்பத்தோரு ஆண்டு கழித்து ரயில் வந்து சேர்ந்தது. கொல்லத்துக்கும் திருவனந்தபுரத்துக்கும் இடையே உள்ள சிறயின்கீழ், கடைக்காவூர், வர்க்கலை போன்ற ஊர்களில் ரயில் நிலையம் மூன்று தலைமுறைகளின் பழக்கம். தெற்கே அது பின்னால் வந்து சேர்ந்த விருந்தாளி.

வந்த ரயிலும் எதற்காக வந்தது? 1972-ல் பிரதமர் இந்திரா காந்தி கன்னியாகுமரியில் அடிக்கல் நாட்டினார். அந்த இடத்தேர்விலேயே திட்டத்தின் மனம் தெரிகிறது. நாட்டின் தென்கோடியை ரயிலால் இணைப்பது ஒரு தேசியக் கனவு, நியாயமான கனவும்கூட. இமயத்திலிருந்து குமரி வரை என்று மேடையில் சொல்வதற்கு ஒரு தண்டவாளம் வேண்டும். அதனால் கன்னியாகுமரி முனையமாயிற்று, நீண்ட தூர வண்டிகள் அதை நோக்கி நீட்டப்பட்டன. பெங்களூரின் ஐலண்டு எக்ஸ்பிரஸ், மங்களூரின் பரசுராம் என்று பெயர்கள் சேர்ந்தன. பாதை திறந்த அதே ஆண்டு அக்டோபர் 2-ல் திருவனந்தபுரம் ரயில்வே கோட்டமும் உருவானது. ஆனால் முழுத் தூரமும் ஒற்றைப் பாதையாகவே போடப்பட்டது. சேவை பற்றிய இன்றைய எல்லாச் சண்டைகளும் இந்த ஒரு தொழில்நுட்ப உண்மையில்தான் போய் முட்டுகின்றன. ஆகவே அதைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும்.

ஒற்றைப் பாதையில் எதிரெதிரே வரும் இரண்டு வண்டிகள் ஒன்றையொன்று கடக்க வேண்டுமானால், பக்கத் தண்டவாளம் உள்ள நிலையத்தில் ஒன்று ஒதுங்கி நிற்க வேண்டும். இதைத்தான் பயணிகள் கிராசிங் என்கிறார்கள். நேமம், நெய்யாற்றின்கரை, பாறசாலை, குழித்துறை போன்ற நிலையங்களில் அது முடியும். இடையிலுள்ள அமரவிளை, தனுவச்சபுரம் போன்ற ஹால்டுகளில் முடியாது. எந்த வண்டி ஒதுங்கி நிற்கும் என்பதற்கு ஒரு சாதி அடுக்கு உண்டு: அதிவிரைவு வண்டி முன்னே, எக்ஸ்பிரஸ் அதன் பின்னே, பாசஞ்சர் எல்லோருக்கும் கடைசியில். ஒரு நீண்ட தூர வண்டி ஆந்திரத்திலோ கொங்கணத்திலோ இரண்டு மணி நேரம் தாமதமாகி வந்தால், அதற்கு விலையாக நாகர்கோவில் பாசஞ்சர் ஏதோ ஒரு நிலையத்தில் அரைமணி நேரம் நிற்கும். ஆயிரக்கணக்கான கிலோமீட்டருக்கு அப்பால் பிறந்த தாமதத்தை, முப்பது கிலோமீட்டர் போக வேண்டியவர் சுமக்கிறார். இந்தப் பாதை மின்மயமான பிறகும் இந்த நிலை மாறவில்லை, ஏனென்றால் வேகமாக ஓடும் வண்டியும் எதிர்வண்டிக்காகக் காத்துத்தான் ஆக வேண்டும். இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. கால அட்டவணைப்படி நிறுத்தமே இல்லாத வண்டி கிராசிங்குக்காக ஒரு சிறு நிலையத்தில் பத்து நிமிடம் நின்றுவிட்டுப் போகும். அதிகாரப்பூர்வமாக அது அங்கே நிற்கவே இல்லை.

சிறு நிலையத்தின் சேவை என்பது வண்டி நிற்பது மட்டும் அல்ல. சீட்டு கொடுக்கும் ஆள், மழைக்கு ஒதுங்கக் கூரை, குடிநீர், கழிப்பறை, மேம்பாலம், இரவில் விளக்கு எல்லாம் அதில் அடங்கும். ஹால்டுகளில் ரயில்வே ஊழியர்கூட இருப்பதில்லை. கமிஷனுக்குச் சீட்டு விற்கும் முகவர் ஒருவர் இருப்பார், அவரும் போய்விட்டால் அந்த நிலையத்தின் கதை ஏறக்குறைய முடிந்தது. என்றாலும் இவற்றைவிட அடிப்படையானது கட்டணமும் நேரமும்தான். இதற்கு அண்மைக் கால வரலாறு ஒரு தெளிவான சான்றைத் தந்திருக்கிறது. 2020 பெருந்தொற்றில் பாசஞ்சர் வண்டிகள் நிறுத்தப்பட்டன. மீண்டும் ஓடத் தொடங்கியபோது அவை எக்ஸ்பிரஸ் கட்டணத்தில் ஓடின. அதே பெட்டி, அதே வேகம், அதே நிறுத்தங்கள்; குறைந்தபட்சக் கட்டணம் மட்டும் 10 ரூபாயிலிருந்து 30 ரூபாய். 2024 பிப்ரவரி இறுதியில்தான் பழைய கட்டணம் திரும்பியது. சென்னையிலிருந்து வருகிறவருக்கு இருபது ரூபாய் வேறுபாடு ஒன்றுமில்லை. தனுவச்சபுரத்திலிருந்து ஏறுகிறவருக்கு அது சீட்டின் விலை மூன்று மடங்கானது என்று பொருள். குறுந்தூரப் பயணியைக் கணக்கிலேயே வைக்காத ஒரு முறைதான் இப்படியொரு முடிவை ஆண்டுக்கணக்கில் சும்மா நீடிக்க விட முடியும்.

இந்த இடத்தில் ஒரு மறுப்பு எழும். இங்குள்ளவர்கள் கேட்பதே நீண்ட தூர வண்டிகளுக்கு நிறுத்தம்தானே, குறுந்தூர வண்டி இல்லையே என்று. உண்மைதான். நாடாளுமன்ற உறுப்பினர் முதல் பயணிகள் சங்கம் வரை எல்லோருடைய மனுவிலும் முதல் வரி ஏதாவது ஓர் எக்ஸ்பிரஸின் நிறுத்தம். ரயில்வேயும் அவ்வப்போது சோதனை அடிப்படையில் ஒரு நிறுத்தத்தைக் கொடுக்கும். போதிய சீட்டு விற்கவில்லை என்றால் எடுத்துவிடும். நிறுத்தம் கிடைத்த அன்று மாலை, கொடியசைப்பு, புகைப்படம். ஆனால் மக்கள் இதைக் கேட்பது இதுதான் கிடைக்கக்கூடியதாக இருப்பதால். புதிய வண்டி கேட்டால் பாதையில் இடமில்லை என்ற பதில் தயாராக இருக்கிறது. ஏற்கெனவே ஓடும் வண்டியை நிறுத்தச் சொன்னால் அப்படிச் சொல்ல முடியாது. அதே நேரம், இந்தக் கோரிக்கைக்கு ஒரு வரம்பு உண்டு என்பதை ரயில்வே தரப்பிலிருந்தும் பார்க்க வேண்டும். ஒரு நிமிட நிறுத்தம் என்பது வேகம் குறைத்து, நின்று, மறுபடி வேகமெடுக்க நான்கைந்து நிமிடம் எடுக்கும். நேமம் முதல் இரணியல் வரை ஒவ்வோர் ஊரும் ஒவ்வொரு நிறுத்தம் வாங்கினால் எக்ஸ்பிரஸ் மெதுவாகும், ஒற்றைப் பாதையில் நெரிசல் கூடும், அந்த நெரிசலில் முதலில் ஒதுங்குவது மறுபடியும் பாசஞ்சர்தான். தனக்கு வேண்டிய வண்டியைத் தானே தாமதப்படுத்தும் கோரிக்கை இது. மேலும், சோதனை நிறுத்தத்தின் சீட்டுக் கணக்கு ஓர் ஊரின் தேவையை அளக்காது. நள்ளிரவிலோ அதிகாலை மூன்றுக்கோ ஒரு வண்டியை நிறுத்திப் பார்த்துவிட்டு ஆளே ஏறவில்லை என்று எழுதுவது எளிது. சீசன் டிக்கெட் வைத்திருப்பவர் அந்த வண்டியின் கணக்கில் வரவும் மாட்டார்.

அடுத்த மறுப்பு இன்னும் வலுவானது: பேருந்து இருக்கும்போது ரயில் எதற்கு? ஊர்களே சாலையைச் சுற்றி வளர்ந்தவை, நிமிடத்துக்கு ஒரு பேருந்து போகிறது, வீட்டு வாசலில் ஏறலாம். முப்பது கிலோமீட்டருக்கு ரயில் தேவையற்ற ஆடம்பரம் என்று ஒரு பொருளாதார வாதியால் சொல்ல முடியும். ஆனால் இதே கணக்கின்படி சிறயின்கீழுக்கும் வர்க்கலைக்கும் ரயில் வேண்டாம். அங்கும் சாலை இருக்கிறது, பேருந்து இருக்கிறது, தூரமும் ஏறக்குறைய அதுதான். அங்கே காலை வண்டிகளில் நிற்க இடமில்லை. தெற்கிலும் வடக்கிலும் வாழும் மக்கள் வேறு இயல்பு கொண்டவர்கள் அல்லர். ஒரு பக்கம் இரட்டைப் பாதையும் அடிக்கடி வண்டியும் இருக்கிறது, மறுபக்கம் இல்லை. கரமனை–களியக்காவிளைச் சாலையை அகலப்படுத்தும் வேலை ஆண்டுக்கணக்கில் இழுத்துக்கொண்டிருப்பதைப் பார்த்தவர்களுக்கு, சாலையின் எல்லை எங்கே முடிகிறது என்று சொல்லித்தர வேண்டியதில்லை. இருபுறமும் கட்டடம் நெருங்கிய ஊர்களில் ஒரு மீட்டர் சாலை கூட்டுவதே பெரும்பாடு. இருக்கைகளை மட்டும் எண்ணினாலும் எட்டுப் பெட்டி மெமு என்ற குறுந்தூர மின்ரயில் ஒன்று பத்துப் பேருந்துக்கு மேல் ஆளை ஏற்றும்.

கன்னியாகுமரி மாவட்டத்திலிருந்து வரும் வாதம் வேறு வகை. நாகர்கோவில் சுற்றுவட்டாரப் பாதைகளைத் திருவனந்தபுரம் கோட்டத்திலிருந்து பிரித்து மதுரைக் கோட்டத்தில் சேர்க்க வேண்டும் என்பது அங்கே நெடுநாள் கோரிக்கை. கேரளத்தின் கோட்டத்துக்குத் தமிழ்நாட்டு நிலையங்கள் மாற்றாந்தாய்ப் பிள்ளைகள் என்ற மனக்குறை அதன் பின்னால் இருக்கிறது. நாகர்கோவில், கன்னியாகுமரி முனையங்கள் கேரள வண்டிகளை நிறுத்தி வைக்கும் இடமாகப் பயன்படுகின்றன என்ற குற்றச்சாட்டும் இருக்கிறது. அதில் நியாயம் இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் அதுவே மருந்து என்றால் எனக்கு ஐயம் உண்டு. கோட்ட எல்லை மாநில எல்லைக்கு வந்துவிட்டால் பாறசாலை உண்மையிலேயே ஒரு கோட்டத்தின் கடைசி நிலையமாகும், குழித்துறை இன்னொன்றின் கடைசி நிலையமாகும். தனக்கென நிலையமில்லாத களியக்காவிளைக்காரர் பாறசாலைக்கு வந்து ரயில் ஏறுகிறார். மார்த்தாண்டத்திலிருந்து திருவனந்தபுரம் மருத்துவமனைகளுக்கு நாள்தோறும் ஆட்கள் போகிறார்கள். அவர்களுக்கு வேண்டிய குறுந்தூர வண்டி அப்போது இரண்டு கோட்டங்களின் சம்மதத்தில் ஓட வேண்டியிருக்கும். ஒரு முனையை இரண்டு முனைகளாக்குவதில் இந்த வழிக்கு என்ன ஆதாயம் என்று தெரியவில்லை.

திருவனந்தபுரத்திலிருந்து தீட்டப்படும் திட்டங்களும் வடக்கையே பார்க்கின்றன. புறநகர் ரயில் என்று ஒரு காலத்தில் பேசப்பட்டது செங்ஙன்னூர் வரை போனது. சில்வர்லைன் விரைவு ரயில் திட்டம் கொச்சுவேளியில் தொடங்கிக் காசர்கோட்டில் முடிவதாக வரையப்பட்டது. 2023 ஏப்ரலில் வந்த வந்தே பாரத்தும் காசர்கோட்டுக்கே. தலைநகரத்தின் தெற்கு வாசலுக்கு இதுவரை பெயர் மட்டும் வந்திருக்கிறது: 2019-ல் முனையத்துக்கு அடிக்கல் நாட்டப்பட்ட நேமம், கொச்சுவேளி திருவனந்தபுரம் வடக்கு ஆனபோது, திருவனந்தபுரம் தெற்கு ஆயிற்று. கட்டடங்களும் வருகின்றன. அம்ரித் பாரத் திட்டத்தில் புதுப்பித்த சிறயின்கீழும் குழித்துறையும் 2025 மே மாதம் ஒரே நாளில் திறக்கப்பட்டன. நல்ல முகப்பும் நல்ல கூரையும் வேண்டாம் என்று யாரும் சொல்லப்போவதில்லை. முகப்பு அழகான நிலையத்தில் வண்டி வராமல் காத்திருப்பது கொஞ்சம் வசதியான காத்திருப்பு, அவ்வளவே.

உண்மையான மாற்றத்துக்கு வாய்ப்புள்ள ஒரே வேலை இரட்டைப் பாதை. திருவனந்தபுரம்–கன்னியாகுமரி 86.56 கிலோமீட்டருக்கு 2015-16-ல் அனுமதி கிடைத்தது. அதே காலத்தில் அனுமதி பெற்ற வாஞ்சி மணியாச்சி–நாகர்கோவில் பகுதியில் வேலை முன்னே போனது. இந்தப் பக்கம், குறிப்பாகத் திருவனந்தபுரம்–பாறசாலை இடையே, நில எடுப்பில் சிக்கி நின்றது. அது முடியும் நாளில் ஒரு கேள்வி எழும்: கிடைக்கும் புதிய இடத்தை யாருக்குக் கொடுப்பது? ஒன்றும் கேட்காமல் இருந்தால் பழைய வழக்கமே தொடரும். இன்னும் நான்கு நீண்ட தூர வண்டிகள் கன்னியாகுமரி வரை நீட்டப்படும், நாகர்கோவிலில் இன்னும் சில பெட்டிகள் கழுவப்படும். அதனால் பாறசாலையிலும் நெய்யாற்றின்கரையிலும் குழித்துறையிலும் உள்ள பயணிகள் சங்கங்கள் தங்கள் அடுத்த மனுவில் ஒரு வரியை மாற்றி எழுத வேண்டும். இன்ன எக்ஸ்பிரஸுக்கு ஒரு நிமிட நிறுத்தம் என்பதற்குப் பதிலாக, இரண்டாம் தண்டவாளம் திறக்கும் முதல் கால அட்டவணையிலேயே நாகர்கோவிலுக்கும் திருவனந்தபுரம் வடக்குக்கும் இடையே காலையிலும் மாலையிலும் அரைமணிக்கு ஒரு மெமு, எல்லா ஹால்டுகளிலும் நின்று, 10 ரூபாய்க் கட்டணத்தில். மலையாளத்திலும் தமிழிலும் ஒரே மனுவாக, இரு மாநில உறுப்பினர்களின் கையெழுத்தோடு அது போக வேண்டும். நீண்ட தூர வண்டிகளுக்கான இடத்தை ஒதுக்குவது அதன் பிறகு இருக்கட்டும்.